கிராம சபையில் கேட்டதைத் தீர்மானப் புத்தகத்தில் ஏற்றுவது எப்படி

நான்கு கிராம சபைகளில் ஒரே கேள்வியைக் கேட்டேன்: கீழத்தெருக் குழாயில் ஏன் தண்ணீர் வருவதில்லை? நான்கு முறையும் ஒரே பதில்தான். “பாத்துக்கலாம்க்கா.” ஐந்தாவது கூட்டம் வருவதற்குள் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டு, அந்த நான்கு கூட்டங்களின் தீர்மான நகலை வாங்கினேன். திண்ணையில் உட்கார்ந்து வரி வரியாகப் படித்தேன். கீழத்தெரு என்ற சொல்லே எங்கும் இல்லை. “மேற்கண்ட தீர்மானங்கள் ஏகமனதாக நிறைவேற்றப்பட்டன” என்ற வரிக்குப் பின்னால் வந்த பக்கங்களில் என் கையெழுத்து மட்டும் நான்கு தடவையும் இருந்தது. எந்தத் தீர்மானம் என்று தெரியாமலே நான் சம்மதித்திருக்கிறேன்.

நான் செய்த தப்பையும், அப்புறம் செய்து பார்த்துப் பலித்த வழியையும் பக்கத்து ஊர் மகளிர் குழுக்களுக்கு வாய்வார்த்தையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். நான் வீட்டில் தையல் மிஷின் போட்டுப் பிழைப்பவள். குழுவில் 16 வருடமாக ஊக்குநர். சட்டம் படித்தவள் இல்லை. கூட்டங்களில் உட்கார்ந்தும் தேடிப் படித்தும் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன். இது தமிழ்நாட்டுக் கிராம ஊராட்சிகளுக்குப் பொருந்தும். பேரூராட்சி, நகராட்சியில் இருப்பவர்களுக்குச் சட்டம் வேறு.

பட்டியலில் உங்கள் பெயர்

ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவரும் கிராம சபை உறுப்பினர். அரசியலமைப்புச் சட்டத்தின் 243-வது பிரிவே அப்படித்தான் சொல்கிறது. தலைவருக்கு ஓட்டுப் போட்டவர், எதிர்த்துப் போட்டவர், ஓட்டே போடாதவர் எல்லோரும் அதில் அடக்கம். யாரும் உங்களைப் பாக்கு வெற்றிலை வைத்து அழைக்க வேண்டியதில்லை.

ஆனால் பெண்களுக்கு இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. கல்யாணமாகி வந்த பல பேருடைய பெயர் இன்னும் பிறந்த ஊர்ப் பட்டியலிலேயே கிடக்கும். எங்கள் குழுவில் 14 பேர். அதில் மூன்று பேருக்கு அப்படி இருந்தது. அதில் ஒருத்திக்குக் கல்யாணமாகி ஒன்பது வருடம். முகவரி மாற்றத்துக்குப் படிவம் 8, புதிதாகச் சேர்ப்பதற்குப் படிவம் 6. வாக்குச்சாவடி நிலை அலுவலரிடம் கொடுக்கலாம், போனிலும் போடலாம். கூட்டத்துக்கு முந்தின வாரம் ஓடாதீர்கள். இன்றைக்கே பட்டியலைப் பாருங்கள்.

பெயர் எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்பதையும் பாருங்கள். நாட்டின் முதல் பொதுத்தேர்தல் 1951-52-ல் நடந்தது. அதற்குப் பட்டியல் எடுத்தபோது வட மாநிலங்கள் சிலவற்றில் ஏராளமான பெண்கள் சொந்தப் பெயரைச் சொல்லவில்லை. இன்னாரின் மனைவி, இன்னாரின் தாய் என்றே பதிந்தார்கள். அந்தப் பதிவு செல்லாது, அவரவர் பெயர் வேண்டும் என்று அப்போதைய தலைமைத் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் சொல்லிவிட்டார். அவகாசம் கொடுத்தும் பார்த்தார்கள். கடைசியில் ஏறக்குறைய 28 லட்சம் பெண்கள் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டார்கள். அப்போது நாட்டில் மொத்தப் பெண் வாக்காளர்களே சுமார் 8 கோடிதான். ஓட்டுரிமை வீட்டு வாசல் வரைக்கும் வந்து, பெயர் இல்லாததால் திரும்பிப் போயிருக்கிறது. இதை முதலில் படித்த அன்றைக்கு எனக்கு வேலையே ஓடவில்லை. ஏனென்றால் எங்கள் ஊராட்சி வருகைப் பதிவேட்டில் ஒருத்தியை “மேலத்தெரு டெய்லர் சம்சாரம்” என்று எழுதியிருந்ததை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். பக்கத்தில் கைநாட்டு. அவள் பெயர் அந்தப் பக்கத்தில் எங்கேயும் இல்லை.

ஆகவே வருகைப் பதிவேட்டில் உங்கள் பெயரை நீங்களே எழுதுங்கள். எழுதத் தெரியாதவர்களுக்குப் பக்கத்தில் இருப்பவர் எழுதட்டும்; அப்புறம் கைநாட்டு வைக்கட்டும்.

தேதியும் கோரமும்

வருடத்துக்கு ஆறு கிராம சபை: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. முன்பு நான்காக இருந்ததை 2022-ல் ஆறாக்கினார்கள். தேர்தல் அறிவிப்பு, மழை என்று சில தடவை தள்ளிப்போகும். ஏழு நாள் முன்னதாக அறிவிக்க வேண்டும். ஆட்டோவில் மைக் கட்டிச் சொல்வார்கள், ஊராட்சி மன்றப் பலகையில் ஒட்டுவார்கள். இரண்டும் இல்லையென்றால் ஊராட்சிச் செயலருக்குப் போன் போட்டுக் கேளுங்கள். தலைவர் பதவிக்காலம் முடிந்து தனி அலுவலர் பொறுப்பில் ஊராட்சி இருக்கும் காலத்திலும் கிராம சபை நடக்கத்தான் வேண்டும். “தலைவரே இல்லையே, என்ன கூட்டம்?” என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

கோரம் என்றால் கூட்டம் செல்லுபடியாக வந்தாக வேண்டிய குறைந்தபட்ச ஆட்கள். அது ஊரின் மக்கள்தொகையைப் பொறுத்தது. 500 பேர் வரை உள்ள ஊராட்சிக்கு 50 பேர் வர வேண்டும். 3,000 வரை 100. 10,000 வரை 200. அதற்கு மேல் 300. கோரம் இல்லாமல் கூட்டம் நடத்தினால் செல்லாது. இந்த எண்ணிக்கையை எட்டத்தான் அவசர அவசரமாகக் கையெழுத்து வாங்குகிறார்கள். எங்கள் ஊரில் நூறு நாள் வேலைக்குப் போகும் பெண்களைக் காலையிலேயே வரிசையில் நிறுத்தி, மடித்துப் பிடித்த பதிவேட்டில் கையெழுத்து வாங்கி, “நீங்க கிளம்பலாம்” என்று அனுப்பிவிடுவார்கள். பதினொரு மணிக்குத் தீர்மானம் படிக்கும்போது அந்தப் பெண்கள் வாய்க்காலில் மண் அள்ளிக்கொண்டிருப்பார்கள். ஊர் அவர்களுடைய சம்மதத்தோடு நடக்கிறது என்று பதிவேடு சொல்லும்.

நான் இப்போது செய்வது இதுதான். கையெழுத்துக்கு முன் பதிவேட்டை முழுதாக விரித்துக் காட்டச் சொல்வேன். பக்கத்தின் தலையில் என்ன எழுதியிருக்கிறது என்று படிப்பேன். வெற்றுப் பக்கமாக இருந்தால் தேதியும் “வருகைப் பதிவு” என்ற தலைப்பும் எழுதச் சொல்வேன். என் கையெழுத்துக்குப் பக்கத்தில் “வருகைக்கு மட்டும்” என்று எழுதி, நேரத்தையும் போடுவேன். முதல் தடவை செயலருக்கு முகம் சுருங்கியது. “நம்பிக்கை இல்லையாக்கா?” என்றார். “குழு நோட்டுல நீங்க கையெழுத்துப் போட்டாலும் நான் இப்படித்தான் தம்பி கேப்பேன்” என்றேன். அடுத்த தடவை அவரே விரித்துக் காட்டினார்.

கேள்வியை அளந்து எழுதுங்கள்

“தண்ணி வரல” என்பது புகார். அதற்குப் “பாத்துக்கலாம்” என்ற பதிலைத் தவிர வேறு எதுவும் வராது. நானும் நான்கு தடவை அதைத்தான் சொல்லியிருக்கிறேன். ஐந்தாவது கூட்டத்துக்கு முன் பள்ளிக்கூடத்து நோட்டு ஒன்று வாங்கி, கீழத்தெருவில் ஆறு வீட்டுக்காரர்களிடம் ஒரு வேலை கொடுத்தோம். தினமும் குழாயில் தண்ணீர் எத்தனை மணிக்கு வந்தது, எத்தனை மணிக்கு நின்றது, எத்தனை குடம் பிடித்தார்கள். பதினான்கு நாள். ஒரு வீட்டில் ஏழாம் வகுப்புப் பெண்தான் எழுதினாள், நாளுக்கு ஒரு கோடு அடித்து, அழகாக.

வீட்டுக்கு வீடு குழாய் போடும் மத்திய அரசின் ஜல் ஜீவன் திட்டத்தில் ஆளுக்கு நாளொன்றுக்கு 55 லிட்டர் என்பது அளவு. ஐந்து பேர் உள்ள வீட்டுக்கு 275 லிட்டர். எங்கள் பிளாஸ்டிக் குடம் 15 லிட்டர் பிடிக்கும். அப்படியானால் பதினெட்டுக் குடம் வர வேண்டும். நோட்டைக் கூட்டிப் பார்த்தால் சராசரி ஆறு குடம். நான்கு நாள் தண்ணீரே வரவில்லை. மேலத்தெருவில் கேட்டோம், அங்கே இருபதுக்கு மேல் பிடிக்கிறார்கள். டேங்க் ஒன்றுதான், ஆபரேட்டரும் ஒருவர்தான்.

இந்தக் கணக்குக் கையில் இருந்தபோது எனக்கே குரல் மாறிவிட்டது. கெஞ்சுகிற குரல் போய்விட்டது. உங்கள் பிரச்சினை தெருவிளக்காக இருந்தால் எத்தனை கம்பம், எந்தத் தேதியிலிருந்து எரியவில்லை என்று குறியுங்கள். சாக்கடையாக இருந்தால் எத்தனை அடி அடைந்திருக்கிறது என்று அளந்து குறியுங்கள். ரேஷன் கடை, பேருந்து மாதிரி ஊராட்சிக்கு நேரடி அதிகாரம் இல்லாத விஷயத்துக்கும் தீர்மானம் போடலாம். அந்தத் துறைக்கு அனுப்பி வைக்கக் கோரும் தீர்மானமாக அது இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

பணத்தையும் படித்துக்கொண்டு போங்கள். ஊராட்சியின் வரவு செலவைக் காட்டும் படிவம் 30 என்ற தாள் ஒன்று உண்டு. கிராம சபையில் மக்கள் பார்வைக்கு வைக்க வேண்டியது அது. கூட்டம் தொடங்கியதும் “படிவம் 30 எங்க இருக்கு?” என்று கேளுங்கள். இ-கிராம் ஸ்வராஜ் இணையதளத்தில் உங்கள் ஊராட்சியின் திட்டங்களையும் பார்க்கலாம். காலேஜ் போகும் பிள்ளை யாராவது பத்து நிமிஷத்தில் எடுத்துக் கொடுக்கும். “நிதி இல்லம்மா” என்று சொன்னால் அப்போது கேட்கலாம்: 2021 முதல் 2026 வரையிலான 15-வது நிதிக்குழு மானியத்தில் 60 சதவீதம் குடிநீருக்கும் சுகாதாரத்துக்கும் என்றே ஒதுக்கியதாயிற்றே, நம் ஊரில் அது எந்த வேலைக்குப் போனது?

கூட்டப் பொருளுக்குள் நுழைவது

இந்த இடத்தில் ஒரு பழைய கதை சொல்ல வேண்டும். எனக்கு ரொம்பப் பிடித்த கதை இது.

1917-ல் அடையாறில் இந்தியப் பெண்கள் சங்கம் தொடங்கினார்கள். அதை நடத்தியவர்களில் மார்கரெட் கசின்ஸ் என்ற ஐரிஷ் பெண்மணி ஒருவர். அந்த வருடம் இந்தியாவுக்கான பிரிட்டிஷ் மந்திரி மாண்டேகு அரசியல் சீர்திருத்தம் பற்றி விசாரிக்க இங்கே வந்தார். பெண் கல்வி பற்றிப் பேச நேரம் வேண்டும் என்று கசின்ஸ் எழுதிக் கேட்டார். அரசியல் கோரிக்கைகளை மட்டும்தான் கேட்போம் என்று பதில் வந்தது. சரி, அப்படியானால் அரசியலே கேட்போம் என்று ஓட்டுரிமையைச் சேர்த்து மனுவை எழுதினார்கள். 1917 டிசம்பரில், சென்னையில், சரோஜினி நாயுடு தலைமையில் பெண்கள் தூதுக்குழு மாண்டேகுவைப் பார்த்தது. கல்வி கேட்கப் போனவர்களுக்குக் கதவு மூடியிருந்தது. எந்தக் கதவு திறந்திருக்கிறது என்று பார்த்து அதன் வழியாகப் போனார்கள்.

உடனே கிடைத்துவிடவில்லை. வாக்குரிமை பற்றி ஆராய்ந்த சவுத்பரோ கமிட்டி பெண்களுக்கு வேண்டாம் என்றது. 1919-ம் வருடச் சட்டம் அந்தந்த மாகாணச் சட்டசபையே முடிவு செய்யட்டும் என்று விட்டது. 1921 ஏப்ரலில் சென்னை மாகாணச் சட்டசபை, பெண் என்பதற்காக ஓட்டை மறுக்கக் கூடாது என்று தீர்மானம் போட்டது. பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களில் முதலில் போட்டது சென்னைதான். சொத்தும் வரியும் உள்ள பெண்களுக்கு மட்டுமே அந்த ஓட்டு. என் பாட்டி மாதிரி நடவு நட்டவர்களுக்கு இல்லை. அவர்களுக்கு 1951-52 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஆனாலும் சென்னையில் அன்றைக்குத் திறந்த கதவு வழியாக, புதுக்கோட்டையில் பிறந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி 1927-ல் அதே சட்டசபையின் துணைத் தலைவர் நாற்காலியில் உட்கார்ந்தார்.

நம் கிராம சபைக்கும் இதே மாதிரி ஒரு பொருள் பட்டியல் வரும். பெரும்பாலும் மேலிருந்து அச்சடித்து அனுப்பியது: குடிநீர், சுகாதாரம், கொசு ஒழிப்பு, வரவு செலவு, வளர்ச்சித் திட்டம் என்று பத்துப் பதினைந்து. கடைசியில் “இதர பொருட்கள்” இருக்கும். நான்கு தடவை நான் இதர பொருட்கள் வரும்வரை காத்திருந்தேன். அதற்குள் மிக்சரும் டீயும் வந்துவிடும், பாதிப் பேர் எழுந்துவிடுவார்கள், செயலர் பேனாவை மூடியிருப்பார். இப்போது பட்டியலை முன்கூட்டியே வாங்கி, “குடிநீர்” என்ற பொருள் வந்த உடனே எழுந்து நிற்கிறேன். உங்கள் கேள்வி எந்தத் தலைப்புக்குள் நுழையும் என்று பார்த்து வையுங்கள். பெண்கள் கழிப்பறை என்றால் சுகாதாரத்தில். அங்கன்வாடிக் கூரை என்றால் வளர்ச்சித் திட்டத்தில்.

கையெழுத்து

தனியாகக் கேட்டால் அது உங்கள் வீட்டுப் பிரச்சினை ஆகிவிடும். தெரு முழுக்கக் கையெழுத்து வாங்குங்கள், ஆனால் வெறும் தாளில் வாங்காதீர்கள். ஒவ்வொரு பக்கத்தின் தலையிலும் கோரிக்கை முழுதாக எழுதியிருக்க வேண்டும். வாங்கும்போது படித்துக் காட்டுங்கள். நமக்குச் செய்ததை நாம் இன்னொருத்திக்குச் செய்யக் கூடாது.

எண்ணிக்கை குறைவாக இருக்கிறதே என்று கலங்க வேண்டாம். உலகத்தில் பெண்களுக்கு முதலில் நாடாளுமன்ற ஓட்டு கொடுத்த நாடு நியூசிலாந்து. அங்கே கேட் ஷெப்பர்டும் அவர் கூட்டாளிகளும் 1891-ல் மனுக் கொடுத்தபோது கையெழுத்து சுமார் 9,000. கிடைக்கவில்லை. 1892-ல் சுமார் 20,000. அப்போதும் கிடைக்கவில்லை. 1893-ல் ஏறக்குறைய 32,000. நாடெங்கிலுமிருந்து வந்த தாள்களை ஒன்றோடொன்று பசை போட்டு ஒட்டி, துடைப்பக் கட்டையில் சுருட்டிக் கொண்டுபோனார்கள். சபை நடுவே அதை உருட்டி விரித்தார்கள். அந்த வருடம் செப்டம்பர் 19-ல் சட்டமானது. மூன்று வருடம், ஒரே கோரிக்கை, ஒவ்வொரு தடவையும் இன்னும் சில ஆயிரம் பேர். எங்கள் கீழத்தெருவில் 43 வீடு. முதல் தடவை 19 வீடு போட்டது. அடுத்த கூட்டத்துக்கு 38.

கூட்டத்தில்

சேர்ந்து போங்கள், சேர்ந்து உட்காருங்கள், முன்னால் உட்காருங்கள். எங்கள் ஊரில் ஆண்களுக்குப் பிளாஸ்டிக் சேர் முன்னால் போட்டிருக்கும். பெண்களுக்கு ஜமுக்காளம் பின்னால். நாங்கள் ஜமுக்காளத்தையே இழுத்து முன்னால் போட்டுக்கொண்டோம். யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

கூட்டத்துக்கு வெளியிலிருந்து ஒரு அலுவலர் வந்திருப்பார். பற்றாளர் என்பார்கள். அவர் யார், எந்த அலுவலகம் என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். கோரிக்கையை மூன்று பிரதி எடுத்து, ஒன்று தலைவருக்கு, ஒன்று பற்றாளருக்கு, ஒன்றில் பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்கி உங்களுக்கு.

சில ஊர்களில் தலைவர் பெண்ணாக இருப்பார், மைக் அவர் கணவர் கையில் இருக்கும். தமிழ்நாட்டு உள்ளாட்சியில் பாதி இடம் பெண்களுக்கு என்று 2016-ல் சட்டத்தை மாற்றினார்கள். அந்த நாற்காலி அப்படிக் கிடைத்தது. கணவரிடம் சண்டைக்குப் போகாதீர்கள். தலைவரைப் பார்த்து, “தலைவரம்மா, உங்ககிட்டதான் கேக்கறேன், நீங்களே பதில் சொல்லுங்க” என்று கேளுங்கள். பதில் வரும்வரை நின்றுகொண்டே இருங்கள். பக்கத்து ஊரில் அப்படிக் கேட்டதுக்கப்புறம்தான் தலைவர் முதல் முறையாக மைக்கைக் கையில் வாங்கினார். நன்றாகவே பேசினார்.

இப்போது முக்கியமான கட்டம். பேசி முடித்ததும் உட்காரக் கூடாது. “இதைத் தீர்மானமா எழுதுங்க” என்று சொல்லி, எழுதி வைத்திருக்கும் வாசகத்தைப் படியுங்கள். நாங்கள் எழுதியது இது:

“கீழத்தெருவில் உள்ள 43 வீடுகளுக்கு ஆளுக்கு நாளொன்றுக்கு 55 லிட்டர் வீதம் குடிநீர் கிடைக்கவில்லை என்பது இக்கிராம சபையின் கவனத்துக்குக் கொண்டுவரப்பட்டது. குழாய்ப் பாதையை 15 நாட்களுக்குள் ஆய்வு செய்து, குறையை 60 நாட்களுக்குள் சரிசெய்வது என்றும், எடுத்த நடவடிக்கையை அடுத்த கிராம சபையில் எழுத்து மூலம் வைப்பது என்றும் தீர்மானிக்கப்பட்டது. முன்மொழிந்தவர், வழிமொழிந்தவர்.”

எந்த இடம், எவ்வளவு, எத்தனை நாள், யாரிடம் பதில் சொல்ல வேண்டும், எல்லாம் இருக்கிறது. முன்மொழிந்தவர் என்ற இடத்தில் என் பெயர், வழிமொழிந்தவராக அந்த “டெய்லர் சம்சாரம்”, அவளுடைய சொந்தப் பெயரோடு.

செயலர், “எழுதிக்கறேன்க்கா, அப்புறமா” என்றார். “இப்பவே எழுதுங்க தம்பி, நாங்க இருக்கோம்” என்றேன். எங்கள் பெண்கள் யாரும் எழுந்திருக்கவில்லை. வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. அவர் தலை குனிந்து எழுத ஆரம்பித்தார். பேனா நகரும் சத்தம் எனக்குக் கேட்டது. எழுதி முடித்ததும் படித்துக் காட்டச் சொன்னேன். “60 நாட்களுக்குள்” என்பதை விட்டு “விரைவில்” என்று எழுதியிருந்தார். திருத்தச் சொன்னேன். திருத்தினார், பக்கத்தில் சுருக்கொப்பமும் போட்டார்.

நம் குழுப் பெண்களுக்கு இதெல்லாம் புதிதில்லை. வாரா வாரம் தீர்மான நோட்டு எழுதுகிறோம். வரவு எவ்வளவு, கடன் யாருக்கு, யார் முன்மொழிந்தது என்று ஒரு ரூபாய் பிசகாமல் எழுதுகிறோம். கடைசித் தீர்மானத்துக்குக் கீழே கோடு அடித்து “மொத்தம் ஐந்து தீர்மானங்கள்” என்று முடிக்கிறோம், பின்னால் யாரும் ஒன்றைச் செருகக் கூடாது என்று. அதே வழக்கத்தை ஊராட்சிப் புத்தகத்திலும் கேளுங்கள். உங்கள் தீர்மானத்தின் எண்ணையும் பக்கத்தையும் குறித்துக்கொள்ளுங்கள். போனில் படம் எடுக்க முடிந்தால் எடுங்கள். மறுத்தால் அங்கே தகராறு வேண்டாம், வேறு வழி இருக்கிறது.

அதற்கப்புறம்

அந்த வழி தகவல் உரிமைச் சட்டம், 2005. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, ஊராட்சி ஒன்றிய அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு ஒரு பக்கத்தில் எழுதினால் போதும். “இன்ன தேதியில் நடந்த கிராம சபையின் தீர்மானப் பதிவேடு, வருகைப் பதிவேடு ஆகியவற்றின் சான்றிட்ட நகல் வேண்டும்.” ஏன், எதற்கு என்று காரணம் சொல்லத் தேவையில்லை. நகலுக்குப் பக்கத்துக்கு இரண்டு ரூபாய். வறுமைக் கோட்டுக்குக் கீழே உள்ளவர்கள் சான்று வைத்தால் கட்டணம் இல்லை. தப்பான அலுவலகத்துக்கு அனுப்பிவிட்டாலும் பயப்பட வேண்டாம். ஐந்து நாளுக்குள் சரியான இடத்துக்கு அவர்களே மாற்றி அனுப்ப வேண்டும் என்று பிரிவு 6(3) சொல்கிறது. 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் அதே துறையின் மேல் அலுவலருக்கு முதல் மேல்முறையீடு. அதுவும் பலிக்காவிட்டால் 90 நாளுக்குள் தமிழ்நாடு தகவல் ஆணையத்துக்கு. தபால் ரசீது ஒவ்வொன்றையும் ஒரே ஃபைலில் போட்டு வையுங்கள். நான் ஜாக்கெட் அளவு நோட்டோடு சேர்த்து வைத்திருந்து ஒன்றைத் தொலைத்து, திரும்ப முதலிலிருந்து எழுதினேன்.

எழுதிய தீர்மானத்தில் வேலை நடக்கவில்லையென்றால் அதன் நகலோடு வட்டார வளர்ச்சி அலுவலரிடம் போங்கள். அடுத்தது திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர்க்கும் நாள். முதல்வரின் உதவி மையத்துக்கு 1100 எண்ணில் போன் போட்டும் பதியலாம், பதிவு எண்ணைக் குறித்து வையுங்கள். வெறும் வாயோடு போவதற்கும் தீர்மான நகலோடு போவதற்கும் உள்ள வித்தியாசத்தை அந்த மேஜைக்கு முன்னால் நின்றால் தெரிந்துகொள்வீர்கள். என்னிடம் நகல் இருந்த அன்றைக்கு உட்காரச் சொன்னார்கள்.

எங்களுக்கு என்ன நடந்தது என்றும் சொல்லிவிடுகிறேன். ஆய்வு செய்ய ஆள் வந்தது இருபதாவது நாள். மேலத்தெருவில் சில வீடுகளில் குழாயில் நேரடியாக மோட்டார் வைத்து உறிஞ்சியது தெரிந்தது. அதை எடுத்தார்கள். தெரு பிரியும் இடத்தில் கேட் வால்வு ஒன்று போட்டு, கீழத்தெருவுக்குத் தனி நேரம் ஒதுக்கினார்கள். அது நடக்க 60 நாள் ஆகவில்லை, 83 நாள் ஆனது. மேலத்தெருவில் இரண்டு வீட்டுக்காரர்கள் எங்களோடு பேசுவதை நிறுத்தினார்கள். ஒரு வீடு இப்போது பேசுகிறது.

நோட்டை நிறுத்தவில்லை. அந்த ஏழாம் வகுப்புப் பெண் எட்டாவதுக்குப் போய்விட்டாள், அவள் தம்பி எழுதுகிறான். இப்போது சராசரி பதினோரு குடம் வருகிறது. பதினெட்டுக்கு இன்னும் ஏழு பாக்கி. வரும் கூட்டத்தில் குடிநீர் என்ற பொருள் எடுத்ததும், முதலில் அந்தப் பழைய தீர்மானத்தை எண்ணோடும் பக்கத்தோடும் படிக்கச் சொல்லப் போகிறோம். 43 வீட்டுக் கையெழுத்தும் இந்தத் தடவை இருக்கிறது.